குட்டைக் கரைக்கு எந்தப் புல்? வெட்டிவேர், நாணல், கோரை

இரண்டு வருஷத்துக்கு முந்தைய கார்த்திகையில் விடாமல் அடித்த மழையில் எங்கள் பண்ணைக்குட்டையின் கிழக்குக் கரை 15 அடி நீளத்துக்கு உள்பக்கமாகச் சரிந்தது. உடைப்பு என்று சொல்ல முடியாது. சொட்டுத் தண்ணீர்கூட வெளியே போகவில்லை. ஆனால் மழை விட்டதும் போய்ப் பார்த்தால், கரையின் மேல்மண் மண்வெட்டியால் செதுக்கி எடுத்தமாதிரி இறங்கி, குட்டைக்குள் சேறாகக் கலங்கிக் கிடந்தது. சேற்றை வாரக் கூலி ஒரு பக்கம், கரையை மறுபடி கட்டக் கூலி இன்னொரு பக்கம்.

"வெறுங்கரையா விட்டா இப்படித்தான் ஆகும், புல்லு வை" என்று எல்லோரும் சொன்னார்கள். எந்தப் புல் என்பதில்தான் ஆளுக்கொரு கட்சி. பெரியப்பாவுக்கு நாணல். "ஆத்தங்கரையையே அதுதாண்டா பிடிச்சு வெச்சிருக்கு, உன் குட்டை என்ன பெரிய குட்டை" என்றார். பக்கத்து நிலத்து அண்ணன் வெட்டிவேர் என்றார், நாற்றுக்கு ஆளும் சொன்னார். அம்மா கோரை போடச் சொன்னாள்; பாய்க்காவது ஆகும் என்பது அவள் கணக்கு.

மூன்றும் ஈரத்தைத் தாங்குபவை. மூன்றும் நம் மண்ணுக்குச் சொந்தமானவை. ஒரு தடவை வைத்தால் வருஷக்கணக்கில் நிற்பவை. அப்புறம் எதை வைத்தால் என்ன என்று எனக்கும் தோன்றியது. மூன்றையும் வைத்துப் பார்த்த பிறகு வேறு மாதிரி நினைக்கிறேன். எந்தப் புல் நல்லது என்று கேட்பதற்கு முன்னால் இரண்டு கேள்விகளுக்குப் பதில் தெரிய வேண்டும். அந்த இடத்தில் வருஷத்துக்கு எத்தனை மாதம் தண்ணீர் நிற்கும்? வளர்ந்த புல்லை யார் அறுக்கப்போகிறார்கள்?

பெயர்க் குழப்பம்

நாணல் என்று நாம் கூப்பிடுவது குறைந்தது இரண்டு வேறு புற்களை. பெரியப்பா ஒன்றைச் சொல்ல, நான் இன்னொன்றை நினைத்துக்கொண்டு ஒரு வாரம் பேசியிருக்கிறோம்.

முதலாவது, தென்பெண்ணை மாதிரி மணல் ஆறுகளின் திட்டுகளில் கூட்டமாக நின்று, மழைக்காலத்தை ஒட்டி வெள்ளை வெளேரென்று பட்டுப்போல் பூக்கிறதே, அது. பேய்க்கரும்பு என்றும் சொல்வார்கள். தாவரவியல் பெயர் சக்காரம் ஸ்பான்டேனியம். கரும்புக்கு நெருங்கிய பங்காளி. பட்டினத்தார் கையில் இருந்ததாகச் சொல்லப்படும் பேய்க்கரும்பு இதுதானா என்று என்னைக் கேட்காதீர்கள். ஆனால் இதன் தண்டைக் கடித்துப் பார்த்தால் அந்தப் பெயர் ஏன் வந்தது என்று புரியும்.

இரண்டாவது, ஏரி ஓரத்திலும் வாய்க்கால் சேற்றிலும் தண்ணீருக்குள்ளேயே கால் வைத்து ஆளுயரத்துக்கு மேல் நிற்பது. பிரக்மைட்டிஸ் கர்க்கா. சங்கப் பாடல்களில் மருத நிலத்து நீர்க்கரையில் வருகிற வேழம் இந்த வகைதான் என்பார்கள்; கொறுக்கை என்ற பெயரும் உண்டு. பள்ளிக்கூடத்துக் கதையில் வெள்ளத்துக்கு வளைந்துகொடுத்துப் பிழைக்கிற நாணல் எது என்பது அவரவர் ஊர் ஆற்றைப் பொறுத்தது.

இரண்டையும் பிரித்துச் சொல்வது சுலபம். வேழத்தின் தண்டை ஒடித்தால் உள்ளே மூங்கில்போல் கூடு. இலை அகலமாக, தண்டின் நெடுக இரண்டு பக்கமும் பிரிந்து நிற்கும். பூக்கதிர் பழுப்பாகத் தொங்கும். பேய்க்கரும்பின் இலை ஒடுக்கமாக, நடுவில் தடித்த வெள்ளை நரம்போடு இருக்கும். பூ வெள்ளையாக நிமிர்ந்து நிற்கும். இலையை விரலால் உருவிப் பார்க்க வேண்டாம். நான் பார்த்தேன். ஆள்காட்டி விரலில் காகிதம் கிழித்ததுபோல் ஒரு கோடு, சாயங்காலம் சாம்பாரில் கை வைக்கிறபோதுதான் அது எவ்வளவு ஆழம் என்று தெரிந்தது. இந்தக் கட்டுரையில் இனிமேல் ஆற்று மணலில் நிற்பதை நாணல் என்றும், தண்ணீரில் நிற்பதை வேழம் என்றும் சொல்கிறேன். இல்லாவிட்டால் எனக்கே குழம்பும்.

கோரை புல்லே இல்லை, அது தனிக் குடும்பம். தண்டை விரலிடுக்கில் உருட்டினால் மூன்று விளிம்பு தட்டுப்படும். வயலில் களையாக வந்து உயிரை வாங்குகிற கோரைக்கிழங்கு வேறு, பாய்க்கோரை வேறு. இரண்டுக்கும் பெயர் ஒன்றாக இருப்பதால் கோரை என்றாலே அலறுகிறவர்கள் உண்டு.

வெட்டிவேரில் ஏமாற இடமிருக்கிறது. இலை பார்ப்பதற்கு எலுமிச்சைப்புல்போல் இருப்பதால் மாற்றிக் கொடுத்துவிடுவார்கள். இலையைக் கசக்கிப் பாருங்கள். வாசனை வந்தால் அது எலுமிச்சைப்புல். வெட்டிவேரின் இலைக்கு மணம் கிடையாது. மணமெல்லாம் மண்ணுக்குக் கீழே.

கரை ஒரே இடமல்ல

எங்கள் குட்டை 90 அடிக்கு 60 அடி, ஆழம் 7 அடி. பண்ருட்டிக்கு மேற்கே, செம்மண்ணோடு மணல் கலந்த நிலம். சரிவு வந்ததற்கு முதல் காரணம் புல் இல்லாதது அல்ல. பொக்லைன் வைத்து வெட்டியபோது உள்சரிவைச் சுவர்போல் செங்குத்தாக விட்டதுதான். ஓர் அடி ஆழத்துக்கு ஒன்றரை அடியாவது படுக்கையாக விட வேண்டும். செங்குத்தான கரையில் எந்தப் புல்லை வைத்தாலும் மண்ணோடு சேர்ந்து புல்லும் குளிக்கப் போகும். அதனால் முதலில் கரையைச் சாய்த்தோம், பிறகுதான் புல்லைப் பற்றிப் பேசினோம். உங்கள் கரை செங்குத்தாக இருந்தால் இந்தக் கட்டுரையை மூடிவிட்டு மண்வெட்டியை எடுங்கள்.

சாய்த்த பிறகு கரையில் நின்று பார்த்தால் நாலு பட்டை தெரியும். ஆள் நடக்கிற மேல்தலை. வெளிச்சரிவு, வருஷம் முழுக்கக் காய்ந்தே கிடக்கும். உள்சரிவின் மேல்பாதி, மார்கழியில் நனைந்து பங்குனியில் காயும். கடைசியாகத் தண்ணீர் கோடு, சேறு. வடகிழக்கு மழையை நம்பியிருக்கிற ஊர்களில் இந்த ஏற்ற இறக்கம்தான் பெரிய தொந்தரவு. கார்த்திகையில் கழுத்தளவு தண்ணீரில் நிற்கிற செடி, சித்திரையில் வெடித்த மண்ணில் நிற்க வேண்டும். இரண்டையும் தாங்குவது எது?

வெட்டிவேர்

உள்சரிவின் மேல்பாதிக்கு இதுதான் என்று இப்போது அடித்துச் சொல்வேன். காரணம் அதன் வேர் போகிற திசை. நாணலும் வேழமும் மண்ணுக்கடியில் கிடைமட்டமாகக் கிழங்குத்தண்டு விட்டு ஓடும். வெட்டிவேர் ஓடாது. வைத்த இடத்திலேயே தூர்கட்டி, வேரை நேராகக் கீழே இறக்கும். நல்ல இளகிய மண்ணில் முதல் வருஷத்திலேயே 3 மீட்டர் வரை போகும். கரைக்கு உள்ளே ஆயிரம் ஆணி அடித்தமாதிரி. மேலே விறைப்பான இலை நெருக்கமாக நிற்பதால், ஓடிவருகிற மழைத்தண்ணீர் அதில் முட்டி வேகம் குறைந்து, கொண்டுவந்த மண்ணை அங்கேயே போட்டுவிட்டுப் போகும். இரண்டு மழைக்குப் பிறகு வரிசைக்கு மேல்பக்கம் மண் ஏறி ஒரு சின்னப் படி உண்டாவதைக் கண்ணால் பார்க்கலாம். புதைந்த கணுவிலும் வேர் விடும் என்பதால் மண் ஏற ஏற அதுவும் மேலே ஏறிக்கொள்ளும்.

இது புதுக் கண்டுபிடிப்பு ஒன்றும் இல்லை. 1950களில் ஃபிஜித் தீவில் ஜான் கிரீன்ஃபீல்ட் என்பவர் கரும்பு வயல்களில் மண் அரிப்பைத் தடுக்க இதை வைத்தார். 1980களில் உலக வங்கி மூலமாக அவரும் ரிச்சர்ட் கிரிம்ஷாவும் இந்தியாவில் இதைப் பரப்பினார்கள். நம் ஊர்ப் புல்லை நமக்கே வெளியாள் வந்து சொல்லிக்கொடுத்த கதை. இத்தனைக்கும் மைசூர்ப் பக்கம் குண்டுலுபேட்டையில் வயல் எல்லைக்கு வெட்டிவேர் வரிசை வைக்கிற பழக்கம் அதற்கு வெகுகாலம் முன்பே இருந்தது.

அது பரவாது என்பது எனக்கு இன்னொரு பெரிய நிம்மதி. தென்னிந்தியாவில் வேருக்காகப் பயிரிடுகிற வகை முளைக்கிற விதை வைப்பதில்லை. வட இந்தியாவில் காட்டில் வளர்கிற வகை பூத்து விதை விடும். நாற்று வாங்கும்போது வேருக்குப் பயிர் செய்கிறவர்களிடம் வாங்கினால் இந்தக் கவலை இல்லை. எங்கள் கடலூர் மாவட்டத்துக் கடலோர மணலில் இதைப் பயிராகவே செய்கிறார்கள், அங்கேதான் வாங்கினேன்.

செலவுக் கணக்கு முதலில் பயமுறுத்தும். சுற்றளவு 300 அடி. அரை அடிக்கு ஒரு நாற்று என்றால் ஒரு வரிசைக்கே 600. இரண்டு வரிசைக்கு 1,200. இடைவெளியைக் கூட்டி மிச்சம் பிடிக்கலாமே என்று தோன்றும், பிடிக்காதீர்கள். ஓர் அடி இடைவெளி விட்ட இடத்தில் தண்ணீர் அந்தச் சந்தில் புகுந்து முன்னைவிட மோசமாக அறுத்தது. பல் போன சீப்பு என்றாள் அம்மா. நான் செய்தது வேறு. தை மாதம் 60 தூர் மட்டும் வாங்கி, போர்வெல் ஓரத்தில் நாற்றங்கால்போல் வைத்தேன். புரட்டாசியில் பிரித்தபோது ஒன்றுக்குச் சராசரியாக 15 கிடைத்தது. 900 நாற்று. சுற்றி ஒரு வரிசை, மிச்சத்தை சரிந்த கிழக்குப் பக்கத்தில் இன்னும் இரண்டு வரிசையாக வைத்தேன்.

பிரிக்கிற வேலைதான் ரொம்பப் பிடித்தது. கடப்பாரையால் தூரைத் தோண்டிப் புரட்டினால் மண் உதிர உதிர அந்த மணம் எழும். கோயிலா, பழைய பெட்டியா, மழையா என்று சொல்ல முடியாத மணம். தூரைக் கையால் பிளந்து, ஒவ்வொன்றிலும் இரண்டு மூன்று கிளைப்பு இருக்கிறமாதிரி எடுத்து, இலையை ஒரு சாண் விட்டு வெட்டி, வேரை நாலு விரல் விட்டு நறுக்கி, நீள வரிசையில் கையகல ஆழத்தில் வைத்து மிதித்துவிட வேண்டும். வரிசை சரிவுக்குக் குறுக்கே, தண்ணீர் மட்டத்துக்கு இணையாகப் போக வேண்டும். மேலிருந்து கீழாக வைத்தால் நீங்களே வாய்க்கால் வெட்டிக் கொடுத்தமாதிரி.

சரி, குறை இல்லையா? உண்டு. நிழலில் வளராது. எங்கள் வேப்பமரத்தடியில் வைத்த பத்தடி வரிசை இன்றைக்கும் நோஞ்சானாகத்தான் நிற்கிறது. நிலைத்த தூர் வாரக்கணக்கில் தண்ணீரில் மூழ்கினாலும் தாங்கும், ஆனால் வைத்து ஒரு மாதமே ஆன நாற்று மூழ்கினால் அழுகும். ஐப்பசி மழைக்கு ஆறு வாரம் முன்னாலாவது நட வேண்டும். புரட்டாசிக் கடைசியில் கீழே நட்ட 40 நாற்று எனக்குப் போனது. எப்போதும் தண்ணீர் நிற்கிற சேற்றில் உயிரோடு இருக்குமே தவிர, அந்த ஆழமான வேர் இறங்காது. வேருக்காக வைத்தது வேரே விடாவிட்டால் என்ன பயன்?

இன்னொரு விஷயம், பலபேர் இதில்தான் விழுகிறார்கள். "கரையையும் காக்கும், வேரை விற்றுக் காசும் பார்க்கலாம்" என்று சொல்வார்கள். இரண்டும் ஒரே செடியில் நடக்காது. வேரை எடுக்க ஒரு வருஷம், ஒன்றரை வருஷம் கழித்து தோண்ட வேண்டும். கரையில் தோண்டுவது என்றால் நீங்களே கரையை உடைப்பது. விற்க வேண்டுமென்றால் வயலில் தனியாகப் போடுங்கள். கரையில் வைத்ததைக் கரையிலேயே விட்டுவிடுங்கள்.

நாணல்

பெரியப்பா சொன்னது தப்பில்லை. மணலைப் பிடிப்பதில் இதை மிஞ்ச ஆளில்லை. வெள்ளத்தில் படுத்து எழுந்துவிடும், நெருப்பில் எரிந்தாலும் அடியிலிருந்து துளிர்க்கும், சித்திரை வெயிலில் மேலே காய்ந்து கிடந்து முதல் மழைக்கு முளைக்கும். 1912-இல் கோயம்புத்தூரில் தொடங்கிய கரும்பு இனப்பெருக்க நிலையத்தில் இந்த முரட்டு உயிரைத்தான் கரும்புக்குள் ஏற்றினார்கள். வெள்ளை என்ற கரும்பையும் கோவைப் பக்கத்துப் பேய்க்கரும்பையும் ஒட்டுச் சேர்த்துப் பிறந்த கோ 205 என்ற ரகம் 1918-இல் வெளியாகி வட இந்தியாவுக்குப் போனது. அந்த நிலையத்து விஞ்ஞானிகள் பார்பரும் வெங்கட்ராமனும் செய்த வேலை. இன்றைய கரும்பு ரகங்களில் பெரும்பாலானவற்றில் இந்த நாணலின் ரத்தம் ஓடுகிறது. ஒரு புல்லுக்கு இதைவிடப் பெரிய சான்றிதழ் வேண்டாம்.

ஆனால் அதே முரட்டுத்தனம்தான் குட்டைக்கு ஆகாது. கிழங்குத்தண்டு விட்டு நிலத்துக்கடியில் நடக்கும், விதை காற்றில் பறக்கும். இரண்டு வழியிலும் பரவுகிற ஒன்றை வயலுக்கு நடுவில் வைக்கிறோம் என்பதை யோசிக்க வேண்டும். மத்திய இந்தியாவில் புந்தேல்கண்ட் பக்கம் உழவர்கள் இதோடு போராடியது பழைய கதை. அதன் சொந்த ஊரைத் தாண்டிப் பனாமாவுக்குப் போன இடத்தில், கால்வாயின் நீர்ப்பிடிப்பு நிலங்களில் காட்டை மீண்டும் எழ விடாமல் அமுக்கி நிற்கிறது. அமெரிக்காவில் தடைசெய்யப்பட்ட களைப் பட்டியலில் இருக்கிறது.

நான் மூலையில் ஒரு பாத்தி அளவுக்கு வைத்தேன், ஆற்றிலிருந்து கிழங்கோடு பிடுங்கி வந்து. செலவு ஒன்றுமில்லை, தூக்கிவந்த கைவலி மட்டும். எட்டாவது மாதம் வேலியைத் தாண்டி அண்ணன் நிலத்தில் தலைகாட்டியது. "தம்பி, உன் விருந்தாளி எங்க வீட்டுக்கு வந்திருக்கு" என்று போனில் சிரித்துக்கொண்டேதான் சொன்னார். சிரிப்பு எவ்வளவு நாளைக்கு இருக்கும் என்று தெரியாததால் அடுத்த நாளே தோண்ட ஆரம்பித்தேன். மேலே வெட்டினால் போகாது. கிழங்குத்தண்டு துண்டு துண்டாக, வெள்ளையாக, கணுவுக்குக் கணு முளையோடு வந்துகொண்டே இருந்தது. ஒரு துண்டு விட்டுப்போனால் போதும். மூன்று தடவை தோண்டியாயிற்று, இன்னும் ஒன்றிரண்டு எட்டிப்பார்க்கிறது.

தளிராக இருக்கும்போது எருமை தின்னும். முற்றினால் மாடு முகர்ந்து பார்த்துவிட்டுத் திரும்பிக்கொள்ளும். அறுத்துக் கூரை போடுகிற வீடு இப்போது எத்தனை? ஆக, அறுக்க ஆள் இருந்த காலத்தில் நல்ல புல்லாக இருந்தது, அறுக்க ஆள் இல்லாத காலத்தில் புதராகிறது. ஆற்றங்கரையில், அரித்துப்போகிற மணல் மேட்டில், பக்கத்தில் சாகுபடி இல்லாத இடத்தில் பெரியப்பா கட்சி ஜெயிக்கும். அங்கேயும் பெரும்பாலும் நாம் நட வேண்டியதில்லை, வெட்டாமல் விட்டாலே போதும்.

வேழம்

செடி தண்ணீருக்கு உள்ளேயே நிற்க வேண்டிய இடத்துக்கு இது. வெட்டிவேரும் நாணலும் அங்கே தோற்கும். வேழத்தின் கூடான தண்டு வேடிக்கைக்கு இல்லை. காற்றே இல்லாத சேற்றில் புதைந்திருக்கிற கிழங்குக்கு மேலிருந்து காற்று கொண்டுபோகிற குழாய் அது. முக்குளிக்கிறவன் வாயில் குழல் வைத்துக்கொள்கிறமாதிரி. அந்தக் காற்றில் கொஞ்சம் வேர் வழியாகச் சேற்றிலும் கசியும். அதை நம்பி வேரைச் சுற்றி நுண்ணுயிர்கள் குடியேறும். கழிவுநீரை வேர்ப்படுகை வழியாக ஓடவிட்டுச் சுத்தம் செய்கிற முறைக்கு அடிப்படையே இந்தக் கூட்டணிதான். ஜெர்மனியில் கேத்தே சைடல் என்ற விஞ்ஞானி 1950களில் நீர்த்தாவரங்களை வைத்து இந்தச் சோதனைகளைத் தொடங்கினார். இன்று உலகம் முழுக்க அப்படிப்பட்ட படுகைகளில் அதிகம் நடப்படுவது வேழமும் அதன் நெருங்கிய பங்காளிகளும்தான். சமையலறைத் தண்ணீரும் குளியல் தண்ணீரும் குட்டைக்கு வருகிறது என்றால், வருகிற வழியில் ஜல்லி போட்ட ஒரு தொட்டியில் வேழம் வைப்பது புத்திசாலித்தனம். ஜல்லி அடைத்துக்கொள்ளாமல் பார்த்துக்கொள்ள வேண்டும், அறுத்த தட்டையை வெளியே எடுத்துவிட வேண்டும். தண்ணீரிலேயே அழுகவிட்டால் அது எடுத்த சத்தைத் திரும்பத் தண்ணீருக்கே கொடுத்துவிடும்.

பெரிய ஏரிக்கு வேழம் அழகு. அலை கரையில் மோதாமல் தடுக்கும். தாழைக்கோழியும் குருகும் ஒளிய இடம் கிடைக்கும். ஆனால் ஊர் ஏரியாக இருந்தால் அது உங்கள் விருப்பம் அல்ல. ஊராட்சியோ நீர்வளத் துறையோ, யார் கையில் இருக்கிறதோ அவர்களைக் கேட்காமல் ஒரு கிழங்குகூட வைக்காதீர்கள்.

60 அடி அகலக் குட்டையில் என்ன ஆகும்? சுற்றிலும் இரண்டிரண்டு மீட்டர் உள்ளே வந்தால் தண்ணீர் பார்க்கக் கிணறுபோல் எட்டிப்பார்க்க வேண்டியிருக்கும். பிளாஸ்டிக் விரிப்புப் போட்ட குட்டையில் நினைக்கவே வேண்டாம். கிழங்கின் முனை ஊசிபோல் கூரானது, விரிப்பைக் குத்திக்கொண்டு போய்விடும். ஒரு தடவை ஓட்டை விழுந்தால் அது எங்கே என்று தேடுவதற்குள் வருஷம் ஓடிவிடும். மண் கரையிலும் கிழங்கு உள்ளே புகுந்து, பிறகு செத்து மக்கினால், அந்த வழி கசிவுக்குத் தடமாகும்.

ஏற்கனவே வந்துவிட்டது, எப்படி ஒழிப்பது என்கிறீர்களா? இதில் ஒரு தந்திரம் உண்டு. காற்றுக் குழாய்தான் அதன் உயிர் என்றோமே, தண்ணீர் நிறைந்திருக்கிறபோது தண்டைத் தண்ணீர் மட்டத்துக்குக் கீழே அறுத்துவிடுங்கள். குழாயில் தண்ணீர் புகுந்து கிழங்கு மூச்சுத் திணறும். மறுபடி தளிர் மேலே வருவதற்குள் இன்னொரு தடவை அறுங்கள். கோடையில் காய்ந்த தரையில் அறுத்தால் மொட்டை அடித்த தலைபோல் இன்னும் அடர்த்தியாக வரும். மருந்து தெளிப்பதைவிட இதுதான் எனக்குச் சரியாகப் படுகிறது, மீன் விட்டிருந்தால் இன்னும் சரி.

ஏரிச் சேற்றில் வளர்கிற சம்புச் செடிக்கும் இதே வைத்தியம் பலிக்கும். சம்பை யாரும் நட வேண்டாம். பஞ்சு பறந்து அதுவே வரும்.

கோரை

அம்மாவின் கோரைக்கு ஒரு பக்கத்துச் சேற்றை ஒதுக்கினேன். பத்தமடைப் பாய்க்குப் போகிற இனம். கரூர், முசிறிப் பக்கம் காவிரிக் கரையில் பயிராகவே போடுகிறார்கள். சேறும் ஒரு சாண் தண்ணீரும் இருந்தால் போதும், ஒரு தடவை நட்டால் பல வருஷம் அறுக்கலாம். தண்ணீர் கோட்டில் சின்ன அலையைத் தாங்கும். ஆனால் வேர் மேலோட்டம், சரிவைப் பிடிக்காது. ஒரு கட்டு அறுத்துக் கீறிக் காயவைத்தோம். பாய் முடைகிற அம்மாள் கையில் எடுத்துப் பார்த்து, "இது கட்டை, பாய்க்கு ஆகாது" என்று திருப்பிக் கொடுத்தார். தண்ணீர் ஒரே சீராக நிற்காத இடத்தில் கோரை ஒரே நீளத்துக்கு வராது போலிருக்கிறது. இப்போது அதில் தவளைகள் குடியிருக்கின்றன, தவளையைத் தேடிப் பாம்பும் வருகிறது. எந்த ஈரப்புல் வைத்தாலும் இது உண்டு, வெட்டிவேருக்குப் பாம்பு வராது என்பவர்களை நம்பி இருட்டில் போகாதீர்கள்.

மேல்தலைக்கும் வெளிச்சரிவுக்கும் அறுகு. அதைப் பற்றி எழுத என்ன இருக்கிறது, வரப்பில் இருந்து வெட்டிவந்து ஒட்டினால் பிடித்துக்கொள்ளும்.

யாருக்கு எது

மண் கரை போட்ட சிறு குட்டை, சுற்றிலும் சாகுபடி, அறுக்க வீட்டு ஆள் ஒருவர்தான் என்றால் வெட்டிவேர். யோசிக்கவே வேண்டாம். வருஷத்துக்கு இரண்டு தடவை முழங்கால் உயரத்துக்கு வெட்டிவிட்டால் போதும். வெட்டியதை மாங்கன்றுக்கு மூடாக்காகப் போடலாம். விரிப்புப் போட்ட குட்டைக்கும் வெட்டிவேர்தான், ஆனால் விரிப்பின் விளிம்பிலிருந்து தள்ளி, வெளிப்பக்கம். நேராகக் கீழே போகிற வேர் என்றாலும் விரிப்புக்குப் பக்கத்தில் எதையும் நடாமல் இருப்பது நல்லது.

கழிவுநீர் வருகிற இடத்துக்கு வேழம், தொட்டிக்குள் அடைத்து. வருஷம் முழுக்கச் சேறாகவே இருந்து வேறு எதற்கும் ஆகாத பள்ளம் இருந்தால், அங்கேயும் வேழத்தை விடலாம், சுற்றி ஓடுவதற்கு இடம் இருக்க வேண்டும். பாய் முடைகிற ஊர் பக்கத்தில் இருந்து, தண்ணீரும் சீராக இருந்தால் கோரை லாபம். எனக்கு இரண்டும் இல்லை. ஆடு மாடு அவிழ்த்துவிட்டு மேய்கிற இடமென்றால் எதை வைத்தாலும் முதல் ஆறு மாதம் வேலி வேண்டும். முற்றிய வெட்டிவேரை மாடு தொடாது, இளசை ஆடு விடாது.

என் கரையில் இப்போது மூன்று வரிசை வைத்த கிழக்குப் பக்கம்தான் உறுதியாக நிற்கிறது. போன மழையில் ஒரு கூடை மண்கூட உள்ளே போகவில்லை. மேற்கில் ஒரு வரிசைதான், அதற்குக் கீழே நண்டு வளை இரண்டு தெரிகிறது, கசிகிறதா என்று பார்த்துக்கொண்டிருக்கிறேன். வேப்பமரத்தடியில் வெட்டிவேரைக் கைவிட்டு அறுகுக்கு மாறிவிட்டேன். அங்கேயும் அது அரைகுறைதான்; கிளையைக் கழிக்க வேண்டும், அம்மா விடமாட்டாள்.

பெரியப்பா போன வாரம் வந்து கரையில் நடந்து பார்த்தார். வெட்டிவேரை ஒரு கொத்துப் பிடித்து இழுத்துப் பார்த்தார், வரவில்லை. ஒன்றும் சொல்லவில்லை. போகும்போது பக்கத்து நிலத்து அண்ணனிடம், தன் வாய்க்கால் கரைக்கு 200 நாற்று வேண்டும் என்று என்னிடம் கேட்கச் சொன்னாராம். இந்தப் புரட்டாசிக்குக் கொடுக்க வேண்டும். கரையில் இருப்பதைத் தொடமாட்டேன், போர்வெல் ஓரத்து நாற்றங்காலில் மிச்சம் வைத்த 14 தூரைத்தான் பிரிக்க வேண்டும்.